ரொட்டி கேட்பவள்

மொராக்கோவின் மெக்னெஸ் நகரத்தில் ஒரு தெருவில் வீட்டுக்கு வீடு மாவு பிசைந்து புவாஸ்ஸாவின் அடுப்புக்குக் கொண்டுவருவார்கள். அவன் சுட்டுக் கொடுப்பான். அவனுக்கு ஒரு குரல் கேட்டுக்கொண்டே இருந்தது. "என் ரொட்டி வெந்துச்சா?" என்று ஒரு பெண் கேட்பாள். அங்கே ஆளே இருக்காது. பதறிப்போய் அடுப்பில் கையைச் சுட்டுக்கொண்ட பிறகுதான் மனைவி மஹ்ஜூபா அவனை டாக்டர் இப்திஸாமிடம் அழைத்து வந்தாள். மாத்திரையில் குரல் நின்றது. நன்றாகத் தூங்கினான்.

இன்று மஹ்ஜூபா தனியாக வந்திருந்தாள்.

"மாத்திரைய நிறுத்திடுங்க டாக்டரம்மா."

"ஏன், அவருக்குத்தான் சரியாயிடுச்சே?"

"அவருக்குச் சரியாயிடுச்சு. இப்ப எங்களுக்குக் கேக்குது. முன்னாடி அவரு 'இதோ ஆயிடுச்சு, லல்லா'ன்னு மரியாதையா பதில் சொல்வாரு, அவ போயிடுவா. இப்ப யாரு சொல்றது? பாதிப் பேரு வேற அடுப்புக்குப் போயிட்டாங்க. ஒருத்தருக்குக் கேட்டா நோய்ங்கறீங்க, தெருவுக்கே கேட்டா?"

நிறுத்தினால் அவன் பழையபடி ஆகிவிடுவான். டாக்டர் நேரிலேயே அடுப்படிக்குப் போனார்.

மாவுப் பலகைகளோடு பெண்கள் நின்றிருந்தார்கள்.

"வந்துட்டாங்கடி, நம்ம எல்லாருக்கும் மாத்திரை குடுக்க!" என்றாள் ஒருத்தி. சிரிப்பு அடங்குவதற்குள் அடுப்புக்குப் பின்னாலிருந்து கேட்டது.

"என் ரொட்டி வெந்துச்சா?"

யாரும் அசையவில்லை. புவாஸ்ஸா மட்டும் சீட்டியடித்தபடி ரொட்டிகளைத் திருப்பிக்கொண்டிருந்தான். குரல் மறுபடி கேட்டது, இந்த முறை டாக்டருக்குப் பக்கத்தில்.

"இதோ ஆயிடுச்சு, லல்லா" என்றார் டாக்டர்.

குரல் நின்றது.

புவாஸ்ஸா திரும்பிப் பார்த்தான். ஒரு முக்காலியைத் துடைத்து அவருக்குப் போட்டான்.

"எவ்வளவு நாளா கேக்குது, டாக்டரம்மா?" என்றான், ரொம்பப் பரிவாக.