சுவருக்குள் சொன்ன பொய்

“சாப்பாடு பிரமாதம்” என்று பேசுகுழாயில் மனைவியிடம் சொல்லி நான் வாயை மூடுவதற்குள், எனக்குப் பின்னால் கடற்சுவர் படீரென்று வெடித்தது.

திரும்பிப் பார்த்தேன். தரையிலிருந்து என் இடுப்பு உயரத்துக்கு ஒரு விரிசல். ஓரமெல்லாம் வெள்ளையாக உப்புப் பூத்திருக்க, நடுவிலிருந்து தண்ணீர் நூல் பிடித்த மாதிரி இறங்கிக்கொண்டிருந்தது.

உண்மையில் சாப்பாடு அடிப்பிடித்திருந்தது. பாதியை வாய்க்கால் மீனுக்குப் போட்டேன். மீனும் யோசித்துத்தான் தின்றது.

இதே பொய்யை வெளியே நின்று சொல்லியிருந்தால் குடும்ப அமைதி. சுவருக்குள் இருக்கும் அறையில் நின்று சொன்னதால் கொலைக்குற்றம். எங்கள் ஊர் கடல் மட்டத்துக்கு மூன்று ஆள் உயரம் கீழே இருக்கிறது. சுவரைக் கட்டிய மந்திரக் கொத்தனார்கள் சுண்ணாம்போடு சத்தியத்தையும் சேர்த்துக் குழைத்துக் கட்டினார்கள். உள்ளே யாராவது பொய் சொன்னால் கல் விரியும். உண்மை சொன்னால் மறுபடி ஒட்டும். அதனால் சுவர் வேலைக்காரர்கள் நாங்கள் உள்ளே “நல்லா இருக்கேன்” என்றுகூடச் சொல்வதில்லை. தலையை மட்டும் ஆட்டுவோம், அதுவும் பட்டும் படாமல்.

தினமும் காலையிலும் மாலையிலும் பேசுகுழாயில் “சுவர் நிக்குது” என்று கீழே இருக்கும் எங்கள் பள்ளத்தெருவுக்குச் சொல்வதுதான் என் வேலை. சுவருக்குள்ளிருந்து வரும் சொல் என்பதால் தெருவே அதை நம்பித் தூங்கும். எனக்கு உளறுவாயன் என்று பேர். மனசில் எதுவும் தங்காது என்றுதான் இந்த வேலைக்கு எடுத்தார்கள்.

மேஸ்திரி ஓடிவந்தார். முப்பது வருஷமாகச் சுவரைப் பார்த்துக்கொள்கிறவர். விரிசலில் உள்ளங்கையை வைத்தார், எடுத்தார், சட்டையில் துடைத்தார்.

“என்ன சொன்னே?”

“சாப்பாடு பிரமாதம்னேன்.”

“அவ்வளவுதானா?”

“அவ சமையலைச் சாப்பிட்டிருந்தா அவ்வளவுதானான்னு கேக்க மாட்டீங்க.”

அவர் சிரிக்கவில்லை. சுவரில் பதித்திருந்த கடல் அளவுகோலைப் பார்த்தார். “கடல் முழுசா ஏற இன்னும் கால் மணி நேரம்” என்றார்.

“அதுக்குள்ள உண்மையாப் பேசிப் பேசி மூடிரலாம்ல மேஸ்திரி?”

“பேசு.”

கல்லில் கை வைத்தேன். “போன வருஷம் உங்க குடையைத் தொலைச்சது நான்தான். காத்துல போச்சுன்னு சொன்னது பொய். ஆனா வெளிய நின்னுதான் சொன்னேன்.”

“தெரியும்.”

“என் மச்சானுக்கு என்னைக் கண்டாலே ஆகாது. ஆளைத் தெரிஞ்சுதான் வச்சிருக்கான். பாப்பா பொறந்தப்ப நான் பயத்துல அழுதேன். ஊர்ல எல்லார்கிட்டயும் சந்தோஷத்துல அழுதேன்னு சொல்லிட்டேன்.” தண்ணீர் கணுக்காலைத் தாண்டியிருந்தது. “மூடுதா மேஸ்திரி?”

“நீ பேசிக்கிட்டே இரு.”

மேஸ்திரியிடம் பதில் வாங்குவதற்குக் கல்லிடமே கேட்டுவிடலாம். வாழ்நாளில் நான் மறைத்த அத்தனையையும் அவிழ்த்துக் கொட்டினேன். கொட்டி முடித்துப் பார்த்தால், மறைக்கிற அளவுக்கு நான் பெரிதாக ஒன்றும் செய்துவிடவில்லை என்பது வேறு வருத்தமாக இருந்தது.

பேசுகுழாய் சீட்டியடித்தது. மனைவிதான். நான் எடுப்பதற்குள் மேஸ்திரி எடுத்துக் குரல் கொடுத்துவிட்டார். அவள் குரல் எனக்கும் கேட்டது.

“மேஸ்திரி, வாய்க்கால்ல உப்புத்தண்ணி வருது. தெருவுல எல்லாரும் மேட்டுக்குப் போயிரலாமான்னு கேக்குறாங்க. பாப்பாவைத் தூக்கிட்டுக் கிளம்பட்டுமா?”

“மேட்டுக்கு ஏற எவ்வளவு நேரம் ஆகும்மா?”

“பாப்பாவோட ஏறணும்னா ஒரு மணி நேரம் ஆகுங்க.”

மேஸ்திரி குழாயை நெஞ்சோடு வைத்துக்கொண்டு கடல் அளவுகோலைத் திரும்பிப் பார்த்தார். அப்புறம் வாயருகே கொண்டுபோனார்.

“வேண்டாம்மா. ஒண்ணும் ஆகாது. எல்லாரையும் அவங்கவங்க வீட்டுக்குள்ள போகச் சொல்லு. நீயும் போ. பாப்பாவை மடியில வச்சுக்க.”

“சுவருக்குள்ள இருந்துதானே சொல்றீங்க?”

“சுவருக்குள்ள இருந்துதாம்மா.”

“அப்பாடா.” அவள் சிரித்தது கேட்டது. “அவர்கிட்டச் சொல்லிருங்க, அவ்வளவு பிரமாதமா இருந்துச்சுன்னா ராத்திரிக்கும் அதையே வைக்கிறேன்னு.”

மேஸ்திரி குழாயை மூடினார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு கல்லையே பார்த்தேன். ஒரு சத்தம் இல்லை. புதிதாக ஒரு மயிரிழை விரிசல்கூட விடவில்லை.

 அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

“மேஸ்திரி, பாத்தீங்களா? ஒண்ணும் ஆகாதுன்னு சொன்னீங்க, சுவர் அசையவே இல்லை. பொய்யா இருந்தா இந்நேரம் பிளந்திருக்கும்ல? பொழைச்சுட்டோம்ல?”

அவர் ஈரப் படியில் உட்கார்ந்து செருப்பைக் கழற்றி, இரண்டையும் ஒழுங்காகப் பக்கத்தில் வைத்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

“வந்ததுலேருந்து ஒரு பதில்கூட நேரா சொல்லலை நீங்க. இதையாவது சொல்லுங்க. பாப்பா பொழைச்சிருவால்ல?”

“சுவர்ல மந்திரம் செத்து ஒன்பது வருஷம் ஆச்சுப்பா.”