அப்பன் என்ற சொல்

போரின் கடைசி நாளில் யோகராணி தன் கைப்பேசியில் எடுத்த படம் பதினொரு விநாடிதான் ஓடும். சரணடைந்தவர்களோடு அவளுடைய மகன் குகதாஸ் பஸ்ஸில் ஏறுகிறான். அவனை இராணுவத்திடம் உயிரோடு ஒப்படைத்ததற்கு வேறு சாட்சி கிடையாது.

விசாரணை மன்றத்தில் இப்போது மனிதர் யாரும் படம் பார்ப்பதில்லை. இயந்திரம் பார்க்கும். அது "போலி" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது.

"ஏன் தம்பி?" என்று அலுவலரிடம் கேட்டாள்.

"படத்தில ஒரு பொம்பிளை 'அப்பன், அப்பன்' எண்டு கூப்பிடுறா. தகப்பனுக்குப் பத்தொன்பது வயசு, மகளுக்கு நாற்பதோ எண்டு இயந்திரம் கேக்குது."

"என்ர பிள்ளையை நான் அப்பிடித்தானே கூப்பிடுறனான்!"

"எனக்கு விளங்குது அம்மா. என்ர அம்மாவும் என்னை அப்பிடித்தான் கூப்பிடுறவ. அதுக்கு விளங்காது. காணாமல் போன ஆக்களின்ர பட்டியலில இருந்தும் உங்கட மகன்ர பேரை எடுத்துப்போட்டுது."

"அந்தச் சொல்லை மட்டும் அழிச்சுத் தரட்டே?"

"கை வைச்ச படத்தை அது தொடவே தொடாது."

வெளியே வந்து யோகராணி படத்தை ஓடவிட்டாள். முதல் பத்து விநாடியும் முதுகுகள்தான். அதன்பிறகு, "அப்பன்!"

அந்தக் குரலுக்குத்தான் அவன் திரும்பினான். அவன் முகம் தெரிவது அப்போது மட்டும்தான்.