மூன்றாவது கழுகு

"உச்சியில பனி உருகிடுச்சு. கழுகு ரெண்டு சுத்துது. அருவி நேத்தைவிடக் கொஞ்சம் மெலிவு" என்றாள் சமையல்காரி மிசாரி, கீரையை ஆய்ந்துகொண்டே.

காவல் மாடத்தின் சன்னலை நோக்கி உட்கார்ந்திருந்த துரோவான் அதை இரண்டு முறை முணுமுணுத்து மனப்பாடம் செய்துகொண்டார். ஊமால் மலையைப் பார்த்துக்கொண்டிருப்பது முப்பது வருடமாக அவருடைய வேலை. அவருக்குக் கண் தெரியாமல் போய் ஆறு வருடம் ஆகிறது. அது மிசாரிக்கு மட்டும்தான் தெரியும்.

கண்நெறிக்காரர்களின் கொள்கை எளிமையானது. கடவுள் எல்லாவற்றையும் படைத்தார். ஆனால் அவருக்கு வேலை அதிகம், மறதியும் அதிகம். நோன்பெடுத்த காவலர் ஒருவர் தினமும் பார்த்துவந்தால்தான் எதுவும் இருக்கும், இல்லாவிட்டால் இல்லாமல் போய்விடும். ஆகவே தெற்குக் கடலுக்கு ஒரு காவலர், இரண்டாம் நிலவுக்கு ஒரு காவலர், ஊமால் மலைக்கு துரோவான்.

"இன்னிக்குப் பரிசோதகர் வர்றார். கடல் காவலர் கொட்டாவி விட்டாருன்னு சீட்டைக் கிழிச்ச ஆளு" என்றார் துரோவான்.

"அந்தக் கொட்டாவியில எத்தனை மீன் காணாமப் போச்சுன்னு மடத்துல ஒரு மாசம் வாதம் பண்ணாங்களே, அந்தக் கூட்டந்தானே?"

"சிரிக்காதே மிசாரி. என்னை அனுப்பினா அனுப்பட்டும். ஆறு வருஷமா காவலர் பார்க்காமலே மலை நிக்குதுன்னு வெளியே தெரிஞ்சா, முந்நூறு வருஷ நெறி பொய்யின்னு ஆயிடும். சாகப்போற நேரத்துல அந்தப் பாவம் எனக்கு வேணுமா?"

"நான் தினம் பார்க்கிறேனே. அது கணக்குல வராதா?"

"நீ நோன்பு எடுத்தவளா? நீ பார்க்கிறது வெறும் வேடிக்கை."

"மலைக்கு உங்க நெறியெல்லாம் தெரியாது. அது பாட்டுக்கு நிக்குது. கஞ்சியைக் குடிங்க."

கிண்ணத்தை வாங்கியவர் மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "முன்னெல்லாம் மத்தியானம் தாண்டினா இந்த இடம் குளிர்ந்துடும். இப்ப சாயங்காலம் வரைக்கும் வெயில் மூஞ்சியிலேயே அடிக்குது."

"தோல் மெலிஞ்சுபோச்சு. வயசானா அப்படித்தான் சுடும்."

படியில் காலடி கேட்டது. பரிசோதகர் கெல்தோ ஒல்லியான மனிதர். இந்தப் பக்கம் வருவது அவருக்கு இதுதான் முதல் தடவை. இதுவரை பதினோரு மாடங்களில் குற்றம் கண்டுபிடித்திருந்தார். பன்னிரண்டாவதிலும் கண்டுபிடித்துவிடுகிற முகத்தோடு உள்ளே வந்தார்.

"இந்தம்மாவை வெளியே போகச் சொல்லுங்க."

"போனா கஞ்சி தீயும் ஐயா" என்று சொல்லிவிட்டு மிசாரி அகப்பையோடு அங்கேயே நின்றாள்.

கெல்தோ துரோவானின் முகத்துக்கு முன்னால் கையை மெல்ல ஆட்டினார். அந்தக் கண்கள் அசையவில்லை.

பரிசோதகர் சன்னலுக்குப் போனார். இருவருக்கும் முதுகைக் காட்டியபடி வெகுநேரம் நின்றார்.

"காவலரே" என்றார் கடைசியில். உள்ளே வந்தபோது இருந்த குரல் இப்போது இல்லை. "மலையில இப்ப என்ன தெரியுது?"

"உச்சியில பனி உருகிடுச்சு. அருவி நேத்தைவிட மெலிவு." துரோவானின் விரல்கள் நாற்காலியை இறுகப் பிடித்தன. "கழுகு ரெண்டு சுத்துது."

"ரெண்டுதானா?"

"ரெண்டு... ரெண்டுதான் ஐயா."

"நல்லாப் பாருங்க. பாறைக்குப் பின்னால மூணாவது ஒண்ணு உட்கார்ந்திருக்கு."

மிசாரி சட்டென்று நிமிர்ந்து பரிசோதகரைப் பார்த்தாள். அவர் அவள் பக்கம் திரும்பவில்லை.

"விட்டுட்டேன். வயசாயிடுச்சு, மன்னிக்கணும்" என்றார் துரோவான்.

"அதனால என்ன? நானே கஷ்டப்பட்டுத்தான் பார்த்தேன்."

கெல்தோ ஏட்டைத் திறந்து எழுதினார். எழுதியதை வேண்டுமென்றே உரக்கப் படித்தார்: "ஊமால் மலை. காவலில் குறை ஏதுமில்லை."

துரோவானின் தோள்கள் தளர்ந்தன. "நெறி பிழைச்சுது" என்று தனக்குள் சொல்லிக்கொண்டார். கன்னத்தில் கண்ணீர் இறங்கியது.

கெல்தோ அவர் முன்னால் இடுப்பு வரை குனிந்து வணங்கினார். பார்க்க முடியாதவருக்கு அந்த வணக்கம் தெரியப்போவதில்லை என்று தெரிந்தும், நிதானமாகவே வணங்கினார். மிசாரி கொடுத்த கஞ்சியை நின்றபடியே குடித்தார். உப்பில்லை என்று குறைகூட எழுதவில்லை.

வழியனுப்ப மிசாரி கூடவே இறங்கினாள். கடைசிப் படியில் பரிசோதகர் நின்றார். மேலே ஒருமுறை பார்த்துவிட்டு, மாடத்துக்குக் கேட்காதபடி குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"மலை எப்பம்மா காணாமப் போச்சு?"