காற்று போதாத கப்பல்
ஒசாகாவில் ஒரு காபிக் கடையின் மாடி. மாலை வெயில் மேசைமேல் கிடக்கும் வெள்ளித்தாள் தலைக்கவசங்களில் பட்டுக் கண் கூசுகிறது. விண்வெளிக் கதை ரசிகர் மன்றத்து இளைஞர்கள் ஆண்டு விருந்துக்கு ஒரு விளையாட்டைத் தேர்ந்தெடுக்கிறார்கள். மன்றத்தைத் தொடங்கியவர் ஒகுமுராவின் அண்ணன். அவர் இறந்தபின், குடும்பத்தின் பெயர் கெடாமல் அதை நடத்துபவர் ஒகுமுரா. கழுத்துவரை பொத்தான் பூட்டி, முதுகு சாயாமல் உட்கார்ந்திருக்கிறார். இன்றாவது தன்னையும் ஓர் ஆட்டக்காரனாக எண்ணமாட்டார்களா என்று உள்ளே ஓர் ஆசை.

"கப்பல்ல காத்து பத்தல. யாரை வெளிய தள்றதுன்னு எல்லாரும் ஒண்ணா கை நீட்டணும். நிறைய விரல் யாரைக் காட்டுதோ அவங்க ஜன்னலோரம் போயிடணும். ஒரு தடவை ஆடிப் பாப்போம்," என்கிறாள் மினாகோ. விரல்கள் நீள்கின்றன. "துரோகிங்களா! நேத்துதானேடா நூடுல்ஸ் வாங்கிக் குடுத்தேன்!" என்று கத்தியபடி தெப்பெய் ஜன்னலோரம் போகிறான். அடுத்து ஒருவன், பின் ஒருத்தி. பெரியவர் ஒகுமுரா பக்கம் ஒரு விரலும் திரும்பவில்லை. அது மரியாதையால் அல்ல; அவரை ஆட்டத்தில் சேர்த்தே எண்ணவில்லை. அவரோ ஒவ்வொரு முறையும் யோசித்து, மெய்யாகவே ஆடுகிறார். கடைசியில் மினாகோவும் அவரும்தான் மிச்சம். அவர் கை எழுமுன் அவள் 'நான்தான்' என்பதுபோல் தன் மூக்கையே தொட்டுக்காட்டிக் குனிகிறாள்.

"நானே குதிச்சிடறேன், தலைவரே!"

"தலைவர் ஜெயிச்சுட்டாரு!" எல்லாரும் கைதட்டுகிறார்கள். "விருந்தன்னிக்கு ஐயாவை நடுவரா உக்கார வெச்சிடலாம்," என்கிறான் தெப்பெய்.

"நல்ல ஆட்டம். இதையே வெச்சுக்குங்க," என்கிறார் ஒகுமுரா.

வெளியே தள்ளப்பட்டவர்கள் ஜன்னலோரம் தோளோடு தோள் இடித்து, அரிசி அப்பளத்தைப் பிடுங்கித் தின்று சிரிக்கிறார்கள். காலி நாற்காலிகளின் நடுவே, கப்பலின் காற்று முழுவதும் அவருக்கே.