ஒரு அறைக்கு எத்தனை சத்தம்

திரையில் இன்ஸ்பெக்டர் கைதியை அறைந்தார்.

டொம்.

பல் தெறித்து டீ கிளாஸில் விழுந்தது.

டொம். டொம்.

"நிறுத்துய்யா!" என்றார் இயக்குநர் மாசிலாமணி.

கீபோர்டிலிருந்து கையை எடுத்தான். அவன் இசையமைக்கும் முதல் படம் இது. அதற்கு முன் பதினோரு வருடம் சீரியல்.

சீரியலில் யார் யாரை அறைந்தாலும் மூன்று தடவை விழும். வாங்கியவர் முகத்தில் ஒன்று. பார்த்துக்கொண்டிருக்கும் மாமியார் முகத்தில் ஒன்று. சமையலறை வாசலில் நிற்கும் மனைவி முகத்தில் ஒன்று. மூன்றுக்கும் சத்தம் போடுவது அவன்தான். கல்யாண மண்டபம், கோயில், ஐ.சி.யூ. வார்டு என்று அவன் பழுக்க வைத்த கன்னங்களைத் திரட்டினால் ஒரு தொகுதியே ஜெயிக்கலாம்.

பழக்கதோஷம். இங்கேயும் கை தானாக மூன்று போட்டுவிட்டது.

"ஒருத்தன் ஒரு தடவ அறைஞ்சா எத்தன சத்தம்யா வரும்?"

"ஒண்ணு சார். மாத்திடறேன்."

"காலைலேர்ந்து மாத்தற. சீரியல்காரனக் கூட்டிட்டு வந்தேன் பாரு, என்னச் சொல்லணும். இப்பவே வேற ஆளப் போட்டுருவேன், தெரியும்ல?"

தெரியும்.

ஸ்டுடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வயலின்கள் காத்திருந்தன. முன்வரிசையில் பிளாரன்ஸ். அவன் மனைவி. அவனுடைய முதல் படம் என்பதால் மாதாவுக்கு மெழுகுவத்தி ஏற்றிவிட்டு வந்து உட்கார்ந்திருந்தாள்.

"உனக்கெல்லாம் சொன்னா ஏறாது." மாசிலாமணி எழுந்தார். "எண்ணிக்கோ."

அறைந்தார்.

ஹெட்போன் பறந்தது. உதடு கிழிந்தது. கீபோர்டின் வெள்ளைக் கட்டைகள் சில சிவப்பாயின.

அவன் எண்ணினான். தொழில்.

முதலாவது, கன்னத்தில். நினைத்ததைவிடச் சின்னச் சத்தம். படத்தில் வைத்தால் யாரும் நம்பமாட்டார்கள்.

இரண்டாவது, காதுக்குள். அது இன்னும் நிற்கவில்லை.

மூன்றாவது, கண்ணாடிக்கு அந்தப் பக்கம். பிளாரன்ஸின் முகத்தில்.

தடிமனான கண்ணாடி. ஒலி புகாது.

கேட்டது.

"இப்ப சொல்லு. எத்தன?"

ஒன்று என்றால் படம் அவனுடையது. போஸ்டரில் பெயர் வரும்.

வாயில் ஊறிய ரத்தத்தை விழுங்கினான்.

"மூணு சார்."

மாசிலாமணி மறுபடி கையை ஓங்கினார்.

கதவு திறந்தது.

பிளாரன்ஸ் வயலினை எங்கோ வைத்துவிட்டு வந்திருந்தாள். வலது கை வளையலைக் கழற்றி இடது கையில் போட்டுக்கொண்டாள்.

அவன் நாற்காலியைப் பின்னுக்கு இழுத்து, வழிவிட்டான்.