கட்டிலுக்குள் கறக் கறக்

மாமியாருடைய கட்டிலின் இரண்டாவது காலையும் அறுத்துப் பார்த்துவிட்டான் அல்போன்ஸ். கட்டில் குப்புறச் சாய்ந்ததுதான் மிச்சம்; காலுக்குள் ஒரு துளைகூட இல்லை.

“விட்டுடுங்க மாப்ளே. தின்னா தின்னுட்டுப் போவுது,” என்றாள் மதலேனம்மாள்.

“எப்படிங்க அத்தை விடறது? சித்தேரி மலை விறகுல வந்த வண்டுங்க. விறகடுக்குல என் கண்ணால பார்த்தேன், உடம்பைவிட மீசை நீளம். அது வெச்ச புழுதான் உங்க கட்டிலுக்குள்ள பூந்துக்கிட்டு ராவெல்லாம் கறக் கறக்குனு மெல்லுது.”

ஈஸ்டருக்கு முந்தைய தவசு காலம் தொடங்கியதிலிருந்து ஒருவேளைக் கஞ்சியோடு நோன்பிருப்பவள் மதலேனம்மாள். கடத்தூர் வேதக்காரர்கள் அவளைப் பாதிப் புனிதையாகவே ஆக்கிவிட்டார்கள். நோன்பில் அவள் சற்றுப் பூசினாற்போல ஆனதைக்கூட தேவ அருள் என்றார்கள். அப்பேர்ப்பட்டவள் புழு அரித்த கட்டிலோடு விழுந்து இடுப்பை உடைத்துக்கொண்டால், மருமகனை ஊர் சும்மா விடுமா?

அல்போன்ஸ் குனிந்து பார்த்தான். கட்டிலுக்கடியில் வழக்கம்போலப் பழுப்பு நிறத்தில் தூள். அதை எறும்புகள் வரிசையாகத் தூக்கிப் போய்க்கொண்டிருந்தன.

“பார்த்தீங்களா அத்தை! இப்ப எறும்பும் கூட்டு சேர்ந்துடுச்சு!” என்று மூன்றாவது காலில் ரம்பத்தை வைத்தான்.

மதலேனம்மாள் ரம்பத்தை எட்டிப் பிடித்தாள்.

“போதும் மாப்ளே, இருக்கிற ரெண்டு காலாவது இருக்கட்டும். வண்டு விறகோட சரி. கறக் கறக்குனு மென்னது நான். ராகி முறுக்கு, தலகாணிக்குள்ள இருக்குது.”