புது வைக்கோல்

மருந்து விட்ட கண்ணைச் சிமிட்டியபடி குட்டி அவள் கட்டைவிரலைச் சப்புகிறது. “அம்மா வீட்டுக்குத்தானே அனுப்புறோம், அதுக்குப் போயி இப்படிக் கண்ணக் கசக்குறியே!” என்று கணவன் சீண்டுகிறான். வெளியே எடுத்த குட்டியைத் தாய் படுத்த வைக்கோலில் புரட்டித்தான் திரும்ப விடுவது அந்தக் காட்டுப்பூனைக் காப்பகத்தின் வழக்கம். மனித வாடை போக வேண்டும். கைப்பழக்கத்தில் அவன் கூண்டிலிருந்து அள்ளித் தந்த வைக்கோலில் புரட்டி, அவள் குட்டியைச் சின்னக் கதவு வழியே உள்ளே விடுகிறாள். தாய்ச் சிறுத்தைப்பூனை எழுந்து வந்து முகர்கிறது. அதன் காதுகள் பின்னால் மடிகின்றன. அவள் கையில் மிஞ்சிய வைக்கோலை மோந்து பார்க்கிறாள். “என்னங்க, இதுல தாயோட வாடையே இல்லையே?” “காலையிலதாம்மா மாத்தினேன். குட்டி வர்றப்போ சுத்தமா இருக்கட்டும்னு...” அவள் கூண்டுப் பக்கம் திரும்புகிறாள். “ஐயோ, கதவத் தூக்குங்க!” அவன் கம்பியை இழுக்கிறான், தகரக் கதவு பாதியில் சிக்குகிறது. குட்டி ஒரே ஒருமுறை கத்துகிறது. பிறகு கூண்டில் சத்தமில்லை. அவன் இன்னும் கம்பியை விடவில்லை. தாய் தன் மூலைக்குத் திரும்பிப் படுக்கிறது. மற்ற இரண்டு குட்டிகளும் ஊர்ந்து வந்து, பிறந்த நாளிலிருந்து தாங்கள் குடிக்கும் காம்புகளையே தேடிப் பிடிக்கின்றன. நடுவில் இருக்கும் மூன்றாவது குட்டியின் காம்பை இப்போதும் இரண்டும் தொடவில்லை.